பட்டன் விலகினால் தப்பு உடம்பில் இல்லை, அளவில்தான்!

ஆபீஸ் ஆண்டு விழாவுக்கு முன்னால் ஒரு கூகுள் ஃபார்ம் வரும். டீம் டி-ஷர்ட்டுக்கு என்ன சைஸ்? எஸ், எம், எல், எக்ஸ்.எல். பெரும்பாலானவர்கள் இரண்டு விநாடியில் க்ளிக் செய்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள். மார்பகம் சற்றுப் பெரிதாக இருக்கும் பெண்ணுக்கு மட்டும் அது ஒரு கணக்குப் பரீட்சை. எம் எடுத்தால் மார்பில் இழுத்துப் பிடிக்கும், கம்பெனி லோகோ கோணலாக நீளும். எக்ஸ்.எல். எடுத்தால் தோள் தையல் முழங்கை வரை இறங்கும், டி-ஷர்ட் நைட்டி மாதிரி தொங்கும். கடைசியில் எக்ஸ்.எல்.தான் வாங்குவார். வெயில் எப்படிக் கொளுத்தினாலும் மேலே ஒரு ஷ்ரக் போட்டுக்கொண்டு குரூப் போட்டோவில் பின்வரிசைக்குப் போய்விடுவார்.

இது டி-ஷர்ட்டோடு முடியும் விஷயம் இல்லை. சட்டையின் மூன்றாவது பட்டன் விலகுகிறதா என்று மீட்டிங் முழுக்கக் குனிந்து பார்ப்பது, சேஃப்டி பின்னை எப்போதும் பர்ஸில் வைத்திருப்பது, தோளை முன்னால் குறுக்கியே நடந்து பழகுவது, ஓடப் பிடித்தும் ஓடாமல் இருப்பது என்று நாள் முழுக்கத் தொடரும். இத்தனைக்கும் "எனக்குத்தான் எந்த டிரஸ்ஸும் செட் ஆகாது" என்று அந்தப் பெண் தன் உடம்பையே குறை சொல்லிக்கொள்வார்.

தப்பு உடம்பில் இல்லை. துணியை வெட்டும் கணக்கில் இருக்கிறது. அந்தக் கணக்கு புரிந்துவிட்டால், வசதியாகவும் ஸ்டைலாகவும் உடுத்துவது பெரிய வித்தை இல்லை.

ஒரே 40, இரண்டு உடம்பு

ரெடிமேட் குர்த்தியின் சைஸ் சார்ட்டில் முக்கியமான எண் ஒன்றுதான்: மார்புச் சுற்றளவு. சிக்கல் அங்கேயே தொடங்குகிறது.

இரண்டு பெண்களை எடுத்துக்கொள்வோம். இருவருக்கும் மார்புச் சுற்றளவு 40 இன்ச். முதல் பெண்ணுக்கு மார்பகத்துக்குக் கீழே, விலா எலும்பைச் சுற்றி அளந்தால் 38. இரண்டாவது பெண்ணுக்கு அதே இடத்தில் 34. முதல் பெண்ணின் உடற்கூடு அகலம், மார்பகம் சிறியது. இரண்டாவது பெண்ணின் உடற்கூடு ஒடுக்கம், மார்பகம் பெரியது. சைஸ் சார்ட் இருவரையும் ஒரே கட்டத்தில் தள்ளிவிடும்.

பெரும்பாலான உடைகள் முதல் பெண்ணை மனதில் வைத்தே வெட்டப்படுகின்றன. மேலை நாடுகளில் வீட்டில் தைப்பவர்களுக்காக விற்கும் பெரிய கம்பெனிகளின் பேட்டர்ன்கள் வழக்கமாக ‘பி’ கப் அளவை வைத்தே வரையப்படுபவை. அதைவிடப் பெரிய மார்பகம் என்றால் முன் பாகத்தைத் தனியாகத் திருத்திக்கொள்ள வேண்டும் என்பது அங்கே தையல் படிப்பவர்களுக்குத் தெரிந்த பாடம். ஆனால் தொழிற்சாலையில் ஆயிரக்கணக்கில் வெட்டும்போது யாருக்காகவும் தனியாகத் திருத்த மாட்டார்கள். சைஸ் ஏற ஏற, தோள், கழுத்து, கை, இடுப்பு எல்லாம் சேர்ந்தே பெரிதாகும். அதனால்தான் இரண்டாவது பெண் மார்புக்குச் சரியாக வாங்கும் உடையில் தோள் வழியும், கழுத்து அகலும், இடுப்பு தொளதொளவென்று இருக்கும்.

இந்தியாவில் இன்னொரு சிக்கலும் உண்டு. நம் கடைகளில் புழங்கும் சைஸ்கள் நம் உடம்பை அளந்து உருவானவை அல்ல. பெரும்பாலும் அமெரிக்க, பிரிட்டன் அளவுகளைத் தழுவியவை. இதற்காகவே மத்திய ஜவுளி அமைச்சகமும் நிஃப்ட் கல்வி நிறுவனமும் ‘இந்தியா சைஸ்’ என்ற திட்டத்தைக் கையில் எடுத்தன. 15 முதல் 65 வயது வரையிலான 25,000 பேரை, ஆறு நகரங்களில், முப்பரிமாண ஸ்கேனர் மூலம் அளப்பதுதான் அதன் இலக்கு. இந்த நாட்டு உடம்புக்கு இந்த நாட்டு அளவு வேண்டும் என்பதை அரசே ஒப்புக்கொண்டிருக்கிறது. அப்படியிருக்க, டிரஸ் பொருந்தாத பெண் எதற்காகக் கூச வேண்டும்?

‘மறைச்சுக்கோ’ என்பது ஸ்டைல் டிப்ஸ் இல்லை

பெரிய மார்பகம் உள்ளவர்களுக்கு என்று வரும் ஆலோசனைகளைக் கவனித்தால் ஒரு விஷயம் புரியும். டார்க் கலர் போடுங்க, லூஸா போடுங்க, கழுத்தை மூடுங்க, ஷாலை விரிச்சுப் போடுங்க. எல்லாமே ‘மறைச்சுக்கோ’ என்பதன் வேறு வேறு வடிவங்கள்தான். எது உறுத்தாது, எது வியர்க்காது, எதைப் போட்டுக்கொண்டு எட்டு மணி நேரம் நிம்மதியாக உட்காரலாம் என்ற கேள்விக்கு அதில் பதிலே இருக்காது.

சமூக வலைதளத்தில் ‘துப்பட்டா போடுங்க தோழி’ என்பது இப்போது ஒரு கிண்டல் வசனம். ஆனால் அதைக் கிண்டலாக்கிய தலைமுறைப் பெண்களும் வீட்டில், பஸ் ஸ்டாப்பில், காலேஜ் கேட்டில் அதை நிஜமாகவே கேட்டு வளர்ந்தவர்கள்தான். அதிலும் ஒரே குர்த்தியைப் போட்டு இரண்டு தோழிகள் போனால், மார்பகம் பெரிதாக இருப்பவரைப் பார்த்துத்தான் "இது கொஞ்சம் டைட்டா இல்ல?" என்பார்கள். உடை ஒன்றுதான். தீர்ப்பு மட்டும் உடம்பைப் பார்த்து மாறுகிறது.

பெண்ணின் மார்பை மூடுவதா, எப்படி மூடுவது என்பதைப் பிறர் தீர்மானித்த கதை இந்த மண்ணுக்குப் புதிதல்ல. இன்றைய கன்னியாகுமரி மாவட்டம் அடங்கிய தென் திருவிதாங்கூரில், மேலாடை அணியும் உரிமைக்காக நாடார் பெண்கள் பல பத்தாண்டுகள் போராடினார்கள். தோள் சீலைப் போராட்டம் என்று வரலாறு அதைச் சொல்கிறது. 1859-ல் திருவிதாங்கூர் அரசு அவர்கள் மேலாடை அணிய அனுமதித்தது. அப்போதும் மேல்சாதிப் பெண்கள் உடுத்தும் பாணியில் உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடுதான் அனுமதித்தது. அன்று மூடாதே என்றார்கள், இன்று இன்னும் மூடு என்கிறார்கள். இரண்டிலும் அந்தப் பெண்ணிடம் யாரும் கேட்கவில்லை.

அதற்காக, லூஸான டாப் போடுகிறவர்கள் எல்லாம் பயந்தவர்கள் என்று சொல்வதும் அநியாயம். ஷேர் ஆட்டோவிலும் கூட்டமான மின்சார ரயிலிலும் போகிற பெண் தன் பாதுகாப்புக்கு எது தோதோ அதைப் போடுவார். சிலருக்குத் தொளதொள உடைதான் பிடிக்கும். அது அவர் விருப்பம். ஆனால் சரியாகப் பொருந்துகிற உடை கிடைக்கும் என்றே தெரியாமல் லூஸை எடுப்பது விருப்பம் ஆகாது. விருப்பம் என்றால் இரண்டு வழியாவது கண்ணுக்குத் தெரிய வேண்டும்.

முதல் செலவு பிராவுக்கு

மேலே என்ன உடுத்தினாலும் அதன் அஸ்திவாரம் உள்ளே இருக்கிறது. பிரா சரியில்லை என்றால் பத்தாயிரம் ரூபாய் பட்டுப் புடவையும் பொருந்தாது.

பிரா சைஸில் இரண்டு பகுதி உண்டு. எண் என்பது மார்பகத்துக்குக் கீழே உடம்பைச் சுற்றி வரும் பட்டையின் அளவு. எழுத்து என்பது கப்பின் அளவு, அதாவது மார்புச் சுற்றளவுக்கும் கீழ்ச்சுற்றளவுக்கும் உள்ள வித்தியாசம். ஏறக்குறைய 1 இன்ச் வித்தியாசம் என்றால் ஏ, 2 என்றால் பி, 3 என்றால் சி, 4 என்றால் டி. அமெரிக்காவில் 1930-களில்தான் கப்புக்கு எழுத்து போடும் இந்த முறை வந்தது. ‘டி’ என்றால் ஏதோ பிரம்மாண்டம் என்று நினைப்பது தவறு. வெறும் நான்கு இன்ச் வித்தியாசம், அவ்வளவுதான்.

இப்போது நம் ஊர்க் கடைக்கு வருவோம். கவுன்ட்டரில் இருப்பவர் ஒரு பார்வை பார்த்துவிட்டு "38 தானே மேடம்?" என்பார். அந்தப் பெண்ணின் கீழ்ச்சுற்றளவு 34, மார்புச் சுற்றளவு 38 என்று வைத்துக்கொள்வோம். அவருக்குச் சரியான சைஸ் 34 டி. அவர் கைக்கு வருவதோ 38 பி. இரண்டிலும் கப்பின் கொள்ளளவு ஏறத்தாழ ஒன்றுதான். அதனால் போட்டுப் பார்த்தால் "சரியாத்தான் இருக்கு" என்று தோன்றும். ஆனால் பட்டை நான்கு இன்ச் பெரிசு.

இதில் என்ன கெட்டுப்போயிற்று என்றால், எடையைத் தாங்க வேண்டியது பெரும்பாலும் அந்தப் பட்டைதான். தோள் ஸ்ட்ராப் துணைக்கு மட்டுமே. பட்டை தொளதொளவென்று இருந்தால் அது முதுகில் மேலே ஏறும், முன்பக்கம் கீழே இறங்கும், மொத்த எடையும் ஸ்ட்ராப்பில் தொங்கும். தோளில் பள்ளம் விழும். சாயங்காலம் ஆனால் கழுத்தும் தோளும் வலிக்கும். வலிக்கிறதே என்று அடுத்த முறை இன்னும் லூஸாக 40 வாங்குவார். வலி கூடும்.

வீட்டிலேயே அளக்க ஒரு இன்ச் டேப் போதும். பேட் இல்லாத, ஓரளவு தாங்கிப் பிடிக்கும் ஒரு பிராவைப் போட்டுக்கொண்டு, மூச்சை வெளியே விட்டு, மார்பகத்துக்குக் கீழே டேப்பை இறுக்கமாகச் சுற்றி ஒரு அளவு. மார்பகத்தின் முழுப் பகுதியில் இறுக்காமல் சுற்றி ஒரு அளவு. டேப் முதுகில் இறங்காமல் நேராக இருக்கிறதா என்று கண்ணாடியில் பார்த்துக்கொள்ள வேண்டும். முதல் அளவுக்கு நெருக்கமான இரட்டைப்படை எண் பட்டை, வித்தியாசம் கப். இது தொடக்கம்தான், கம்பெனிக்குக் கம்பெனி அளவு மாறும் என்பதால் கடைசித் தீர்ப்பு போட்டுப் பார்த்துத்தான்.

போட்டுப் பார்க்கும்போது கவனிக்க வேண்டியவை:

- புது பிராவைக் கடைசிக் கொக்கியில், அதாவது லூஸான கொக்கியில் மாட்டினாலே பட்டை நிற்க வேண்டும். எலாஸ்டிக் போகப்போகத் தளரும். அப்போது உள்கொக்கிகள் கைகொடுக்கும்.
- முன்னால் கொஞ்சம் குனிந்து, பக்கவாட்டில் ஒதுங்கியிருக்கும் சதையைக் கையால் கப்புக்குள் எடுத்து வைத்த பிறகுதான் கப் சரியா என்று பார்க்க வேண்டும்.
- மேலே பிதுங்கினால் கப் சிறியது. கப் துணி சுருங்கி நின்றால் பெரியது.
- இரண்டு கப்புக்கும் நடுவில் உள்ள பகுதி நெஞ்சோடு படிந்திருக்க வேண்டும். கம்பி உள்ள பிரா என்றால் அது மார்பகத்தின் மேல் ஏறாமல் அடிக்கோட்டில் உட்கார வேண்டும்.
- முதுகுப் பட்டை முன்பக்கத்தோடு ஒரே மட்டத்தில் இருக்க வேண்டும்.

இரு மார்பகங்களும் ஒரே அளவில் இருக்காது, அது இயல்பு. பெரிய பக்கத்துக்குப் பொருந்தும் கப்பை எடுத்து, மறுபக்க ஸ்ட்ராப்பைச் சற்றுக் குறைத்தால் போதும். உடல் எடை மாறினாலும் குழந்தை பிறந்தாலும் சைஸ் மாறும். கல்யாணத்துக்கு முன்னால் வாங்கிய அளவையே பத்து வருஷம் கேட்டு வாங்கிக்கொண்டிருக்கக் கூடாது.

இன்னொரு பயத்தையும் இங்கேயே இறக்கி வைத்துவிடலாம். கம்பி வைத்த பிரா போட்டால் மார்பகப் புற்றுநோய் வரும் என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. அமெரிக்காவில் 1,500-க்கும் மேற்பட்ட பெண்களை வைத்து நடத்தி 2014-ல் வெளியான ஆய்வில், பிரா அணியும் பழக்கத்துக்கும் மார்பகப் புற்றுநோய்க்கும் தொடர்பு இல்லை என்றே தெரிந்தது. கம்பி குத்துகிறது என்றால் அது தப்பான சைஸின் அடையாளம். கம்பியே பிடிக்கவில்லை என்றால், பேட் இல்லாமல் இரண்டு மூன்று துண்டுகளைச் சேர்த்துத் தைத்த முழு கப், அகலமான ஸ்ட்ராப், மூன்று கொக்கிப் பட்டை உள்ள காட்டன் பிராவும் நன்றாகத் தாங்கும்.

டெய்லரிடம் பேச வேண்டிய மூன்று வாக்கியம்

புடவை, மார்பகம் பெரிதாக உள்ளவர்களுக்கு உண்மையில் தோதான உடை. மடிப்பை நம் உடம்புக்கு ஏற்ப நாமே மாற்றிக்கொள்ளலாம். சோதனை எல்லாம் ஜாக்கெட்டில்தான்.

‘அளவு ஜாக்கெட்’ கொடுத்துத் தைப்பது நம் வழக்கம். டேப்பை வைத்து அளக்க டெய்லருக்கும் கூச்சம், பெண்ணுக்கும் கூச்சம். விளைவு, ஐந்து வருஷத்துக்கு முன்னால் தப்பாகத் தைத்த ஜாக்கெட்டின் தப்பு ஒவ்வொரு புது ஜாக்கெட்டிலும் அப்படியே மறுபடி வரும். மார்பில் பிடிக்கும், முதுகில் தூக்கும், கொக்கிகளுக்கு நடுவே இடைவெளி தெரியும்.

டெய்லரிடம் மூன்று விஷயம் சொன்னால் பாதிப் பிரச்சனை தீரும்.

முதலாவது, "முன்பக்கம் பெருசாவும் நீளமாவும் வெட்டுங்க." மொத்தச் சுற்றளவை நாலால் வகுத்து முன்னுக்கும் பின்னுக்கும் சமமாகப் பிரித்தால், மார்பகம் பெரிதாக உள்ளவருக்கு முன்பக்கம் பற்றாது, பின்பக்கம் மிஞ்சும். மார்பகத்தின் மேல் ஏறி இறங்க வேண்டியிருப்பதால் முன்பக்கத்துக்கு நீளமும் கூடுதலாகத் தேவை. அது குறைந்தால்தான் ஜாக்கெட்டின் கீழ்ப் பட்டி மார்பகத்தின் மேல் ஏறி நிற்கிறது.

இரண்டாவது, "தோளிலிருந்து பாயின்ட் வரைக்கும் அளந்துக்கோங்க." தோளிலிருந்து மார்பின் முனை வரை உள்ள நீளமும், இரண்டு முனைகளுக்கும் இடையே உள்ள தூரமும் தெரிந்தால்தான் டார்ட் சரியான இடத்தில் விழும். டார்ட் மேலேயோ பக்கத்திலோ தள்ளி விழுந்தால் எவ்வளவு விலை துணியும் கோணலாகத்தான் தெரியும். ஆண் டெய்லரிடம் இந்த அளவைக் கொடுக்கக் கூச்சமாக இருந்தால், வீட்டில் தோழியை வைத்து அளந்து தாளில் எழுதிக்கொண்டு போகலாம்.

மூன்றாவது, "பிரின்சஸ் கட் இல்லைன்னா கட்டோரி வச்சுத் தைங்க." பிரின்சஸ் கட்டில் தோளிலிருந்தோ கை வளைவிலிருந்தோ மார்பின் மேலாக இடுப்பு வரை ஒரு நீளத் தையல் வரும், வளைவு அந்தத் தையலிலேயே வந்துவிடும். கட்டோரி என்றால் இந்தியில் கிண்ணம். மார்பகத்துக்கு என்றே தனித் துண்டுகளை வெட்டிச் சேர்ப்பது. ஒற்றை டார்ட் போட்ட ஜாக்கெட்டைவிட இரண்டும் பெரிய மார்பகத்தில் நன்றாக உட்காரும்.

அளவு கொடுக்கும் நாளிலும் டிரையல் பார்க்கும் நாளிலும், அந்த ஜாக்கெட்டோடு போடப்போகும் அதே பிராவை அணிந்து போவது முக்கியம். உள்தையலில் ஒரு இன்ச்சாவது துணி விடச் சொல்வது இன்னும் முக்கியம்.

புடவையில், ஆர்கன்சா, கஞ்சி போட்ட காட்டன் போன்றவை விறைத்து நிற்பதால் மார்பில் கனம் கூடியதுபோலத் தெரியும். மல்மல், க்ரேப், ஜார்ஜெட், சாஃப்ட் சில்க் போன்றவை உடம்போடு விழும். விறைப்பான புடவைதான் பிடிக்கும் என்றால், முந்தானையை ஒல்லி ஒல்லியாக மடித்து அயர்ன் செய்து தோளில் பின் குத்திவிட்டால் அதுவும் அடங்கி நிற்கும்.

சட்டையும் குர்த்தியும்: பெரிய இடத்துக்கு வாங்கு, மற்றதைப் பிடி

ஆபீஸ் சட்டைக்கு ஒரே சூத்திரம். மார்புக்குச் சரியாக வருவதை வாங்கி, இடுப்பையும் பக்கத்தையும் ஆல்டர் செய்வது. லூஸாக உள்ளதைப் பிடிக்க எந்தத் தெருவோர டெய்லராலும் முடியும். இல்லாத துணியைச் சேர்க்க யாராலும் முடியாது. ஆல்டரேஷன் கூலியையும் சேர்த்தே அந்தச் சட்டையின் விலை என்று நினைத்துக்கொள்ள வேண்டும்.

வாங்கும்போது கண்ணாடி முன்னால் நேராக நின்று பார்த்தால் போதாது. கையை முன்னால் நீட்டி லேப்டாப்பில் டைப் செய்வதுபோல உட்கார்ந்து பார்க்க வேண்டும். பட்டன் விலகுவது அப்போதுதான் தெரியும். லேசான இடைவெளி என்றால் இரண்டு பட்டன்களுக்கு நடுவில் உள்பக்கமாக ஒரு டிச் பட்டன் தைத்துவிட்டால் சேஃப்டி பின்னுக்கு விடுதலை.

குர்த்தியில் மார்பகத்துக்குக் கீழே ஒரு தையலோ, முன்னால் டார்ட்டோ இருக்கிறதா என்று பார்க்கலாம். எதுவுமே இல்லாமல் நேராக வெட்டியிருந்தால் துணி மார்பின் உச்சியிலிருந்து நேராகத் தொங்கும். இடுப்பு எங்கே என்றே தெரியாது. வி நெக்கும் அளவான வட்டக் கழுத்தும் பலருக்கு மூச்சு விட வசதியாக இருக்கும். அதற்காகக் காலர் நெக் பிடித்தவர்கள் அதை விட வேண்டியதில்லை. பக்கத்தில் சரியாகப் பிடித்துத் தைத்திருந்தால் அதுவும் அழகுதான். கோடு, பூ, மஞ்சள், சிவப்பு எதற்கும் தடை இல்லை.

யாரும் பேசாத சின்ன விஷயங்களும் உண்டு. ஆபீஸ் ஐ.டி. கார்டு மார்பின் மேல் உட்கார்ந்து ஆடிக்கொண்டே இருந்தால், இடுப்பில் மாட்டும் க்ளிப்புக்கு மாறலாம். குறுக்கே மாட்டும் ஸ்லிங் பேக்கின் வார் நடுவில் அழுந்தினால், ஒரு தோளில் மாட்டும் பை வசதி. காரில் சீட் பெல்ட் கழுத்தை உரசுகிறது என்று அதைக் கைக்குக் கீழே விட்டுக்கொள்வது மட்டும் கூடவே கூடாது. பெல்ட் தோளின் நடுவிலும் நெஞ்சின் குறுக்கேயும்தான் போக வேண்டும். பெல்ட்டின் மேல்முனையை இறக்கி ஏற்றும் வசதி பல கார்களில் உண்டு. இல்லாவிட்டால் சீட்டின் உயரத்தை மாற்றிப் பார்க்கலாம்.

வியர்வையும் கொடியும்

சென்னை, தூத்துக்குடி மாதிரி ஈரப்பதமான ஊர்களில் மார்பகத்துக்குக் கீழே உள்ள மடிப்பில் வியர்வை தேங்கும். தோலோடு தோல் உரசிச் சிவக்கும், அரிக்கும். ஈரம் தொடர்ந்தால் பூஞ்சைத் தொற்றும் சேரும். வெளியே சொல்லக் கூச்சப்பட்டு, வீட்டில் கிடக்கும் ஏதோ ஒரு ஆயின்மென்ட்டைத் தடவி மோசமாக்கிக்கொள்பவர்கள் நிறைய.

குளித்ததும் அந்த இடத்தை நன்றாக ஒற்றித் துடைப்பது, ஜிம்முக்குப் பிறகு நனைந்த பிராவை உடனே மாற்றுவது, ஒரே பிராவை இரண்டு நாள் தொடர்ந்து போடாமல் இருப்பது ஆகியவை பாதி வேலையைச் செய்துவிடும். சிவப்பும் எரிச்சலும் சில நாளில் அடங்காவிட்டால் தோல் மருத்துவரைப் பார்க்க வேண்டும்.

இதில் நம் வீடுகளின் கொடிக்கும் பங்கு உண்டு. பிராவைத் துண்டுக்கு அடியிலோ நைட்டிக்கு அடியிலோ ஒளித்துக் காயப்போடும் பழக்கம் இன்னும் போகவில்லை. வெயிலும் காற்றும் படாமல் அரைகுறையாகக் காய்ந்த பிராவைத்தான் மறுநாள் ஒன்பது மணி நேரம் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். ஆணின் பனியன் கொடியில் ஆடலாம், பெண்ணின் பிரா ஆடக் கூடாது என்பது எந்த ஊர் நியாயம்?

ஓடாமல் போன கால்கள்

ஓடும்போது மார்பகம் மேலும் கீழும் மட்டும் அசைவதில்லை. பக்கவாட்டிலும் முன்பின்னாகவும் சேர்ந்து அசையும். லைசென்ஸ் எடுக்கப் போகிறவர்கள் மைதானத்தில் ‘எட்டு’ போடுவதுபோல, எட்டு வடிவத்தில் அசையும் என்று பிரிட்டனின் போர்ட்ஸ்மவுத் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அளந்து சொல்லியிருக்கிறார்கள். 2012 லண்டன் மாரத்தானில் ஓடிய பெண்களிடம் நடத்திய ஆய்வில், சுமார் 32 சதவீதம் பேர் மார்பக வலி இருப்பதாகச் சொன்னார்கள். ஓடிப் பழகியவர்களுக்கே இந்த நிலைமை.

இதற்கென்று பிரா வந்ததே 1977-ல்தான். அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் லிசா லிண்டால் என்ற ஓட்டக்காரரும், பாலி ஸ்மித், ஹிண்டா மில்லர் ஆகியோரும் சேர்ந்து உருவாக்கினார்கள். ஆண் விளையாட்டு வீரர்கள் இடுப்பில் அணியும் ஜாக்ஸ்ட்ராப் இரண்டை வெட்டிச் சேர்த்துத் தைத்ததுதான் முதல் மாதிரி. ஆணுக்கு எப்போதோ கிடைத்துவிட்ட பாதுகாப்பு பெண்ணுக்கு வர அவ்வளவு காலம் ஆயிற்று.

ஸ்போர்ட்ஸ் பிராவில் இரண்டு வகை. அமுக்கிப் பிடிப்பது ஒன்று. தனித்தனிக் கப்பில் தாங்கிப் பிடிப்பது இன்னொன்று. பெரிய மார்பகத்துக்கு இரண்டாவது வகை, அல்லது இரண்டும் சேர்ந்த வகைதான் சரி. எஸ், எம், எல் என்று மட்டும் போட்டு விற்பதைவிட, பட்டை, கப் அளவு போட்டதைத் தேடுவது நல்லது. டிரையல் ரூமில் நாலு தடவை குதித்துப் பார்த்துவிட வேண்டும்.

சிலருக்கு பிராவால் மட்டும் தீராது. ருமேனிய டென்னிஸ் வீராங்கனை சிமோனா ஹாலெப் 2009-ல், பதினேழு வயதில், மார்பகத்தைச் சிறிதாக்கும் அறுவை சிகிச்சை செய்துகொண்டார். ஆட்டத்துக்குத் தடையாக இருக்கிறது என்று வெளிப்படையாகவே சொன்னார். பிறகு பிரெஞ்ச் ஓபனும் விம்பிள்டனும் வென்றார். எல்லோருக்கும் அது தேவை என்று பொருள் இல்லை. சரியான பிரா போட்ட பிறகும் கழுத்து, முதுகு வலி விடாமல் தொடர்ந்தால், "உடம்பு வாகு அப்படி" என்று சகித்துக்கொண்டிருக்காமல் மருத்துவரிடம் பேசலாம். கட்டி, தோலில் குழிவு, ஒரு பக்கம் மட்டும் திடீர் மாற்றம் என்றால் தள்ளிப்போடவே கூடாது.

யார் மாற வேண்டும்?

இத்தனையும் அந்தப் பெண்ணே கற்று, அளந்து, ஆல்டர் செய்து, செலவு செய்து சரிசெய்துகொள்ள வேண்டும் என்பது நியாயமா? அவசரத்துக்கு வேறு வழி இல்லை. ஆனால் சுமை அவர் தோளில் மட்டும் இருக்கக் கூடாது.

திருப்பூர் உலகத்துக்குப் பின்னலாடை தைத்துக் கொடுக்கிறது. பாக் நீரிணைக்கு அந்தப் பக்கம் இலங்கைத் தொழிற்சாலைகள் உலகின் பெரிய பிராண்டுகளுக்கு பிரா தைக்கின்றன. பல நாட்டுப் பெண்களின் விதவிதமான அளவுகளுக்கு வெட்டத் தெரிந்த கைகள் இங்கேதான் இருக்கின்றன. ஆனால் நம் ஊர்க் கடை அலமாரியில் பட்டை சிறிதாகவும் கப் பெரிதாகவும் உள்ள சைஸைக் கேட்டால் "அது மூவ் ஆகாது மேடம்" என்பார்கள். வைக்காத சைஸ் எப்படி மூவ் ஆகும்?

கடைக்காரர்கள் செய்யக்கூடியது: ஒரு டிரையல் ரூம், அளக்கத் தெரிந்த ஒரு பெண் ஊழியர், நாலு சைஸ் கூடுதலாக. பிராண்டுகள் செய்யக்கூடியது: குர்த்தியின் சைஸ் சார்ட்டில் மார்புச் சுற்றளவோடு கீழ்ச்சுற்றளவையும் ஒரு வரி சேர்ப்பது. கம்பெனிகள் செய்யக்கூடியது: டீம் டி-ஷர்ட்டில் பெண்களுக்கான வெட்டும் ஒரு ஆப்ஷனாக வைப்பது, யூனிஃபார்ம் போட வேண்டிய வேலைகளில் ஆல்டரேஷன் கூலியை நிர்வாகமே ஏற்பது. பெரிய புரட்சி எதுவும் இல்லை.

அவசரமாக மாற வேண்டிய இடம் வீடு. பிரிட்டனில் 11 முதல் 18 வயது வரையிலான இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட மாணவிகளிடம் கேட்டபோது, விளையாட்டில் பங்கேற்க மார்பகம் ஏதோ ஒரு வகையில் தடையாக இருக்கிறது என்று ஏறக்குறைய பாதிப் பேர் சொன்னார்கள். நம் பள்ளிகளிலும் எட்டாம் வகுப்பு வரை கபடி ஆடிய பெண் ஒன்பதாம் வகுப்பில் "வேணாம் மிஸ்" என்று மரத்தடியில் உட்கார்ந்தால், சோம்பேறித்தனம் என்று யாரும் முடிவுகட்டிவிடக் கூடாது.

அந்தப் பெண்ணுக்கு அம்மாவோ அக்காவோ சித்தியோ குத்துமதிப்பாக ஒரு 32-ஐ வாங்கி அலமாரியில் வைத்துவிட்டுப் போவதற்குப் பதிலாக, டேப்பை எடுத்து அளந்து, அவளைக் கடைக்குக் கூட்டிப்போய், போட்டுப் பார்த்து வாங்கிக் கொடுக்கலாம். கூடவே ஒரு ஸ்போர்ட்ஸ் பிராவும். அடுத்த பி.டி. பீரியடில் அவள் மைதானத்தில் இறங்குவாளா என்பது அந்த ஒரு மணி நேரத்தைப் பொறுத்ததாகக்கூட இருக்கலாம்.